வெல்டிங் கண்ணாடி வைத்து கிரகணம் பார்க்கலாமா?

குடியாத்தம் அம்மா:
2027 ஆகஸ்ட் 2 அன்று உலகமே 6 நிமிடம் இருட்டாகிவிடும் என்று வாட்ஸ்அப்பில் சுற்றுகிறது. எட்டாவது படிக்கும் என் பெண் இப்போதே நாள் எண்ண ஆரம்பித்துவிட்டாள். அன்று ஆடி அமாவாசை வேறு. மாமியார் "ஒருத்தரும் வாசப்படி தாண்டக் கூடாது" என்கிறார். எங்கள் தெருமுனை கிரில் பட்டறையில் கேட்டால் வெல்டிங் கண்ணாடி கொடுப்பார்கள். அதில் பார்க்கலாமா? அப்புறம், அமாவாசைதான் மாதாமாதம் வருகிறதே, கிரகணம் ஏன் வருவதில்லை என்று அவள் கேட்கிறாள். எனக்குச் சொல்லத் தெரியவில்லை.

ஜவ்வாதுமலை:
அந்த ஃபார்வர்டில் பாதிதான் உண்மை. முழு கிரகணம் ஸ்பெயினின் தென்கோடி, வட ஆப்பிரிக்கா, சவூதி வழியாகப் போகிறது. எகிப்தின் லக்சர் பக்கம் 6 நிமிடத்துக்குமேல் இருட்டும். நமக்கு மாலையில் பகுதி கிரகணம்தான், விளக்குப் போட வேண்டியிருக்காது.

பெண்ணின் கேள்விக்கு: நிலாவின் பாதை, பூமி சூரியனைச் சுற்றும் தளத்துக்கு சுமார் 5 டிகிரி சாய்ந்திருக்கிறது. அதனால் பெரும்பாலான அமாவாசைகளில் நிலாவின் நிழல் பூமியில் படாமல் மேலேயோ கீழேயோ போய்விடும். அந்தப் பாதையும் தளமும் வெட்டிக்கொள்ளும் இரண்டு புள்ளிகளைத்தான் பஞ்சாங்கத்தில் ராகு, கேது என்கிறார்கள். அதில் ஒன்றுக்குப் பக்கத்தில் அமாவாசை விழுந்தால் கிரகணம். காவலூர் வானாய்வகத்துக்கு ஒருமுறை கூட்டிப்போங்கள், இந்த மாதிரி கேள்வி கேட்கிற பிள்ளைக்குப் பிடிக்கும்.

ராணிப்பேட்டை வெல்டர்:
தங்கச்சி, கண்ணாடி வாங்குமுன் அதன் ஓரத்தில் இருக்கும் நம்பரைப் பார், கண்ணாடி எவ்வளவு கறுப்பு என்று அதுதான் சொல்லும். பட்டறைகளில் தொங்குவது பெரும்பாலும் 10 அல்லது 11. வெல்டிங்குக்கு அது போதும், சூரியனுக்குப் போதாது. 14 வேண்டும். பட்டறையில் இருக்காது, ஹார்டுவேர் கடையில் சொல்லிவைத்து வாங்கணும். நம்பர் இல்லாத கண்ணாடியைத் தொடாதே. பத்தாம் நம்பர் கண்ணாடி இரண்டை ஒட்டிப் பார்க்கலாமா என்று பையன்கள் கேட்பார்கள், அந்த வேலையே வேண்டாம்.

இதில் நான் பிடிவாதமாக இருக்கக் காரணம் உண்டு. கண்ணாடி இறக்காமல் வெல்டிங் ஆர்க் வெளிச்சம் பட்டால், ராத்திரி கண்ணில் மணலை அள்ளிப் போட்ட மாதிரி எரியும், தூங்க முடியாது. அது புற ஊதாக் கதிரால் கண்ணின் மேல்பரப்பில் வருகிற புண், ஓரிரு நாளில் ஆறிவிடும். சூரியனை உற்றுப் பார்த்தால் புண்ணாவது உள்ளே விழித்திரை. அங்கே வலியே தெரியாது. சில மணி நேரம் கழித்து, பார்க்கிற இடத்தில் நடுவில் ஒரு கறுப்புப் பொட்டு நிற்கும். அது போகாமலே இருந்துவிடலாம். எக்ஸ்ரே ஃபிலிம், கூலிங் கிளாஸ், தண்ணீர்த் தட்டு எதுவும் காப்பாற்றாது.

கண்ணாடியே இல்லாமலும் பார்க்கலாம். 2019 டிசம்பர் 26, எங்கள் ஷெட்டின் ஆஸ்பெஸ்டாஸ் கூரையில் பழைய ஆணி ஓட்டைகள். தினமும் காலையில் அதன் வழியாகத் தரையில் வட்ட வட்டமாக வெயில் விழும். அன்று ஒன்பதரைக்கு எல்லா வட்டமும் பிறையாகிவிட்டது. ஆக்சிஜன் சிலிண்டர் மேல் ஒரு பிறை, டீ கிளாஸ் மேல் ஒரு பிறை. முதலாளிகூட வேலையை நிறுத்தச் சொல்லிவிட்டு வந்து நின்றார் (அவர் அப்படிச் சொல்வது அபூர்வம்). அந்த வட்டமெல்லாம் ஓட்டையின் வடிவம் இல்லை, சூரியனின் உருவம் என்று அன்றைக்குத்தான் எல்லாருக்கும் புரிந்தது. வீட்டில் ஜல்லிக்கரண்டியை வெயிலில் பிடித்து நிழலைத் தரையில் விழவைத்தால் இதே காட்சி. வெயிலுக்கு முதுகைக் காட்டி நிற்கச் சொல்.

ஆற்காடு பெரியவர்:
1980 பிப்ரவரியில் ஹூப்ளி, ஹைதராபாத் பக்கம் முழு கிரகணம், இங்கே பகுதிதான். ஆனாலும் தெருவில் ஈ காக்கை இல்லை. அம்மா தாம்பாளத்தில் தண்ணீர் விட்டு உலக்கையை நிறுத்தினார், நின்றது. ஊறுகாய் ஜாடி மேல்கூட தர்ப்பை. மறுநாள் நான் அதே உலக்கையைக் கூடத்தில் நிறுத்தினேன், அப்போதும் நின்றது. பூண் தட்டையாக இருந்தால் எந்த நாளும் நிற்கும். அம்மாவிடம் சொல்லவில்லை. உங்கள் மாமியாரிடம் சண்டை வேண்டாம்மா. கிரகணத்தில் மற்ற கோயில்கள் நடை சாத்தும்போது காளஹஸ்தி திறந்திருக்கும், அதைச் சொல்லிப் பாருங்கள்.

குடியாத்தம் அம்மா:
ரொம்ப நன்றி. ஜல்லிக்கரண்டிக்கு மாமியார் சம்மதித்துவிட்டார், வாசப்படிக்கு உள்ளே முற்றத்தில் நின்றுதான் பார்க்கணுமாம். வளையம் மாதிரி தெரியுமே, அது எப்போது?

ஜவ்வாதுமலை:
2031 மே 21, மதுரைப் பக்கம். நிலா தூரத்தில் இருக்கும்போது சூரியனை முழுதாக மூட முடியாமல் ஓரம் மிஞ்சும், அதுதான் வளையம். வேலூருக்கு அன்றும் பிறைதான். பஸ் ஏற வேண்டியதுதான்.