உதவி பெறும் கல்லூரியில் முதல்வர் நியமனம்: நேர்காணலுக்குப் போன பிறகு வழக்குப் போடலாமா?

வேதியியல் ஆசிரியை:

எல்லோருக்கும் வணக்கம். தென்மாவட்டத்தில் ஓர் அரசு உதவி பெறும் கல்லூரியில் 23 வருடமாக வேதியியல் நடத்துகிறேன். சிறுபான்மைக் கல்லூரி அல்ல. மே மாதம் முதல்வர் ஓய்வு பெற்றார். பணிமூப்புப் பட்டியலில் முதல் பெயர் என்னுடையது. பத்திரிகையில் விளம்பரம் வந்தது, நான்கு பேர் விண்ணப்பித்தோம்.

நேர்காணல் ஒரு சனிக்கிழமை நடந்தது. துணைவேந்தர் சார்பில் இரண்டு பேர் வர வேண்டும், ஒருவர்தான் வந்தார். அன்றைக்கு முடிவு எதுவும் சொல்லவில்லை. 19 நாள் கழித்து, என்னைவிட ஆறு வருடம் இளைய ஒருவரின் பெயரை அறிவிப்புப் பலகையில் ஒட்டினார்கள். கூட்டக் குறிப்பில் தான் கையெழுத்துப் போட்டதே அதற்கு முந்தின நாள்தான் என்று தேர்வுக் குழுவில் இருந்த ஒருவர் என்னிடம் சொன்னார்.

தேர்வானவர் மேல் எனக்குக் கோபம் இல்லை. நன்றாகப் பாடம் எடுப்பவர். ஆனால் அந்த 19 நாளில் என்ன நடந்தது என்று தெரியாமல் எனக்குத் தூக்கம் வரவில்லை. பணிமூப்பைக் காட்டி வழக்குப் போடலாமா? நேர்காணலில் உட்கார்ந்துவிட்டு இப்போது கேட்டால் எடுபடுமா? தனியார் நிர்வாகத்தின் மேல் ரிட் (உயர் நீதிமன்றத்தில் நேரடியாகப் போடும் மனு) போட முடியாது என்கிறார் கல்லூரிச் செயலர். அது சரியா?

ஓய்வு பெற்ற கண்காணிப்பாளர்:

மேடம், சட்டம் தெரிந்தவர்கள் சட்டம் சொல்லட்டும். நான் கல்லூரி அலுவலகத்தில் 31 வருடம் இருந்தவன். பார்த்ததைச் சொல்கிறேன்.

நான் வேலை பார்த்த இடத்தில் இதே போல ஒரு வழக்கு வந்து மூன்று வருடம் பொறுப்பு முதல்வர்தான். மாதா மாதம் 20-ஆம் தேதி ஆனால் எனக்கு வயிற்றைக் கலக்கும். சம்பளப் பட்டியலில் யார் கையெழுத்துப் போடுவது? செயலர் ஒருவரைச் சொல்வார், ஆசிரியர் சங்கம் இன்னொருவரைச் சொல்லும். கல்லூரிக் கல்வி இணை இயக்குநர் அலுவலகத்தில் இருந்து பட்டியல் திரும்பி வரும். மேலே பென்சிலில் ‘முதல்வர் கையொப்பம் தெளிவுபடுத்தவும்’ என்று எழுதியிருக்கும். தமிழ்த்துறையில் ஓய்வு பெற்ற ஒரு ஐயா, ஓய்வூதியக் கோப்புக்காக என் மேசைக்கு எதிரே இருந்த மர பெஞ்சில் வந்து உட்காருவார். ஏழு மாதம் வந்தார். கடைசியில் கேட்பதையே விட்டுவிட்டார். வந்து தண்ணீர் குடித்துவிட்டுப் போவார்.

வழக்கே போடாதீர்கள் என்று சொல்லவில்லை. நியாயம் கேட்க உங்களுக்கு உரிமை உண்டு. ஆனால் ‘புது முதல்வர் எதிலும் கையெழுத்துப் போடக் கூடாது’ என்று இடைக்காலத் தடை மட்டும் கேட்காதீர்கள். அடி வாங்குவது நிர்வாகம் அல்ல.

மதுரை வழக்கறிஞர்:

செயலர் சொல்வது தவறு. அரசு மானியத்தில் நடக்கும் கல்லூரியை ஒரு தனியார் அறக்கட்டளை நடத்தினாலும் அதன் மேல் ரிட் செல்லும் என்று ஆண்டி முக்தா வழக்கில் உச்ச நீதிமன்றம் 1989-லேயே தீர்ப்பளித்துவிட்டது. அதுவும் அகமதாபாத்தில் ஓர் உதவி பெறும் கல்லூரி ஆசிரியர்கள் விஷயம்தான்.

ஆனால் மேடம், பணிமூப்பை முதல் வாதமாக வைக்காதீர்கள். யுஜிசியின் (பல்கலைக்கழக மானியக் குழு) 2018 விதிமுறை முதல்வருக்குக் கேட்பது முனைவர் பட்டம், 15 வருட அனுபவத்தோடு பேராசிரியர் அல்லது இணைப் பேராசிரியர் நிலை, குறைந்தது 10 ஆய்வுக் கட்டுரை, 110 ஆய்வு மதிப்பெண். இது நேரடித் தேர்வு. ‘நான் மூத்தவர்’ என்று மட்டும் சொன்னால் நீதிபதி முதல் பத்து நிமிடத்திலேயே கோப்பை மூடிவிடுவார்.

துணைவேந்தர் தரப்பில் ஒருவர் வராததும் தனியாகப் போதாது. ஐந்து பேர், அதில் இரண்டு வல்லுநர்கள் இருந்தால் கூட்டம் செல்லும். அன்று எத்தனை பேர் உட்கார்ந்திருந்தார்கள் என்று நினைவுபடுத்திப் பாருங்கள்.

உங்கள் வழக்கின் உயிர் அந்த 19 நாளில் இருக்கிறது. தேர்வு நடவடிக்கை முழுவதும் குழு கூடிய அன்றே முடிய வேண்டும். மதிப்பெண் படிவத்தோடு குறிப்பு எழுதி எல்லா உறுப்பினர்களும் கையெழுத்திட வேண்டும் என்று அதே விதிமுறை சொல்கிறது. 19 நாள் கழித்துக் கையெழுத்து வாங்கியிருந்தால் நிர்வாகம் பதில் சொல்லித்தான் ஆக வேண்டும்.

‘யுஜிசி விதி எங்களைக் கட்டுப்படுத்தாது’ என்று எதிர்த்தரப்பு பேசும். மதுரை காமராசர் பல்கலைக்கழகத் துணைவேந்தர் வழக்கில், 2015-இல், மாநில அரசு ஏற்காதவரை கட்டாயமில்லை என்று உச்ச நீதிமன்றம் சொன்னது உண்மை. 2022-இல் குஜராத், கேரளத் துணைவேந்தர் வழக்குகளில் அதே நீதிமன்றம் யுஜிசி விதிக்கு மாறான நியமனங்களை ரத்து செய்ததும் உண்மை. இரண்டையும் உங்கள் வழக்கறிஞர் கையில் வைத்திருக்கட்டும்.

நேர்காணலுக்குப் போய்விட்டுக் கேட்பது பற்றி: மதன் லால் வழக்கு (1995) உங்களுக்கு எதிராக நிற்கும். தெரிந்தே கலந்துகொண்டவர் தோற்ற பிறகு முறை தவறு என்று சொல்ல முடியாது என்பது அதன் சாரம். ஆனால் மீதா சஹாய் வழக்கில் (2019), கலந்துகொள்வது முறையை ஏற்பதாகுமே தவிர, அதில் நடந்த சட்டமீறலை ஏற்பதாகாது என்றார்கள். உங்களுக்குக் குறை தெரிந்ததே பின்னால்தான். அதை மனுவில் தேதியோடு எழுதுங்கள்.

முதலில் தகவல் உரிமைச் சட்டத்தில் கூட்டக் குறிப்பையும் மதிப்பெண் படிவத்தையும் கேளுங்கள். கணிசமான அரசு நிதி பெறும் கல்லூரிகள் அந்தச் சட்டத்துக்குள் வரும் என்று டி.ஏ.வி. கல்லூரி அறக்கட்டளை வழக்கில் 2019-இல் தீர்ப்பு உண்டு.

நாகர்கோவில் வாசகர்:

சிறுபான்மைக் கல்லூரியில் இருப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. மேலே சொன்னதை அப்படியே உங்கள் கல்லூரிக்குப் பொருத்தாதீர்கள். மலங்கரை சிரியன் கத்தோலிக்கக் கல்லூரி வழக்கில், முதல்வரைத் தேர்ந்தெடுப்பது நிர்வாக உரிமையின் முக்கியமான பகுதி என்றது உச்ச நீதிமன்றம். தேர்வானவருக்குத் தகுதி இருந்தால் ‘ஏன் இவரை எடுத்தாய்’ என்று நீதிமன்றம் கேட்காது. அரசு உதவி வாங்கினாலும் அந்த உரிமை போகாது. இப்படி ஒரு தேர்வை எதிர்த்து நானும் ஒரு முறை அலைந்தேன். ஒன்றரை வருடம் போனதுதான் மிச்சம்.

வேதியியல் ஆசிரியை:

மூன்று பேருக்கும் மனமார்ந்த நன்றி. கண்காணிப்பாளர் ஐயா, அந்த பெஞ்சைப் படித்ததும் எங்கள் துறை ஆய்வக உதவியாளர் நினைவுக்கு வந்தார். செப்டம்பரில் அவருக்கு ஓய்வு. தடை கேட்கப் போவதில்லை, முடிவு செய்துவிட்டேன்.

அன்று மேசைக்கு அந்தப் பக்கம் ஆறு பேர். அதனால் குறைந்தபட்ச எண்ணிக்கை பற்றிப் பேசப் போவதில்லை, கையெழுத்துத் தேதியை மட்டும் கேட்கிறேன். பல்கலைக்கழகம் இன்னும் தகுதி ஒப்புதல் தரவில்லை என்று இன்று மதியம்தான் தெரிந்தது. ஒப்புதலுக்கு முன் குறிப்பைச் சரிபார்க்கச் சொல்லிப் பதிவாளருக்கும் மண்டல இணை இயக்குநருக்கும் கடிதம் எழுதி வைத்திருக்கிறேன். நாளைக் காலை இரண்டாம் வகுப்பு எனக்கு இல்லை. அந்த நேரத்தில் தகவல் உரிமை மனுவையும் சேர்த்துப் பதிவுத் தபாலில் போட்டுவிட்டு வருகிறேன். பதில் வந்ததும் இங்கே எழுதுகிறேன்.