மறு: ‘க்ரீமியாக’ என்பதற்குத் தமிழ்: ‘ஆடைப்பதம்’ என்று சொல்லலாமா?

அன்புள்ள குழுவினருக்கு,

வணக்கம். சமையல் குறிப்பில் வரும் ‘க்ரீமியாக’ என்பதற்குத் தமிழில் என்ன சொல்லலாம் என்று போன வாரம் நான் கேட்ட கேள்விக்கு இத்தனை பேர் எழுதுவீர்கள் என்று நினைக்கவில்லை. எல்லா மடல்களையும் படித்தேன். நீங்கள் சொன்ன சொற்களை அடுப்படிக்குக் கொண்டுபோய், சட்டிக்கு முன்னால் நின்று சொல்லிப் பார்த்தேன். பிறகுதான் இதை எழுத உட்கார்ந்தேன்.

இடையில் சேர்ந்தவர்களுக்காகச் சில வரிகள். மொரீஷியசில், ரோஸ் ஹில்லில், சனிக்கிழமைதோறும் தமிழ் வகுப்பு எடுக்கிறேன். பிள்ளைகளுக்குப் பதினான்கு, பதினைந்து வயது. வீட்டில் கிரியோல், பள்ளியில் ஆங்கிலமும் பிரெஞ்சும். தமிழை நன்றாகவே எழுதுகிறார்கள். ஆனால் அதை வைத்து ஒரு காரியம் செய்ய அவர்களுக்கு இடம் கிடைப்பதில்லை. அதனால் இந்தப் பருவத்தில் சமையல் குறிப்பு எழுதுவதைப் பாடமாக வைத்தேன். அவர்கள் தேர்ந்தெடுத்தது ஜமைக்கா முறைப் பாஸ்தா. சிவப்பு, மஞ்சள், பச்சை என்று மூன்று நிறக் குடமிளகாய், ஜெர்க் மசாலா தடவிய கோழி, எல்லாவற்றையும் சேர்த்துப் பிடிக்கும் ஒரு வழவழப்பான சாஸ். க்ரீமுக்குப் பதில் தேங்காய்ப்பால் விடலாம் என்று அவர்களே முடிவு செய்தார்கள். ஜெர்க்குக்கு மணம் தரும் ஆல்ஸ்பைஸும் உறைப்புத் தரும் ஸ்காட்ச் பானெட் மிளகாயும் அந்தத் தீவுக்கு உரியவை; தைம் இலையோ எங்கள் ஊர்த் தக்காளிக் குழம்பான ருகாயிலும் அன்றாடம் விழுவது. ஆகவே பிள்ளைகளுக்கு அது அந்நிய உணவாகத் தோன்றவில்லை.

ஒரு மாணவி எழுதியிருந்தாள்: “சாஸ் க்ரீமியாக வரும் வரை கிளறவும்.” ‘க்ரீமியாக’ என்பதன் கீழே கோடு போட்டேன். அதற்கு மேலே எழுத எனக்குச் சொல் வரவில்லை. பிள்ளை என் பேனாவையே பார்த்துக்கொண்டு நின்றாள். இந்த இழை அங்கேதான் தொடங்கியது.

பெரிய வாதம் தேவைப்படாத இரண்டு சொற்களை முதலில் முடித்துவிடலாம். பாஸ்தா குழையாமல், கடித்தால் சற்றே உறுதியாக இருக்கும்படி வெந்த நிலையை ‘அல் தெந்தே’ என்பார்கள்; இத்தாலிய மொழியில் ‘பல்லுக்கு’ என்று பொருள். டர்பன் நண்பர் ‘கடிபதம்’ என்று எழுதினார். நல்ல சொல்தான், ஆனாலும் ‘நறுக்குப்பதம்’ என்பதையே நான் எடுத்துக்கொள்வேன். சரியாக வேகாத சோற்றை நறுக்கரிசி என்கிறோமே, அந்த நறுக்குதான் இது. சோற்றில் அதைக் குறை என்போம். பாஸ்தாவில் நாம் தேடுவதே அதுதான்.

அடுத்தது பாஸ்தா வெந்த நீர். அதற்கு ‘மாப்பொருள் நீர்’ என்ற சொல் வேண்டாம். வடிகஞ்சி என்று ஒரு சொல் காலங்காலமாக இருக்கும்போது வேறு எதற்கு? அரிசியிலிருந்து இறங்குவதும் மாவுச்சத்து, கோதுமையிலிருந்து இறங்குவதும் மாவுச்சத்து. நூறு கிராம் பாஸ்தாவுக்கு ஒரு லிட்டர் நீர், பத்து கிராம் உப்பு என்பது இத்தாலியர் கணக்கு. ஆகவே இந்த வடிகஞ்சி உப்புக் கரிக்கும். அதைச் சேர்த்த பிறகுதான் சாஸுக்கு உப்புப் பார்க்க வேண்டும். குறிப்பில் இதைச் சொல்லாமல் விட்டால் சமைப்பவர் ஏமாந்துபோவார்.

இனி ‘க்ரீமியாக’. உங்களிடமிருந்து வந்த மூன்று சொற்களையும் நான் மதிக்கிறேன். ஆனால் மூன்றையும் ஏன் ஏற்க முடியவில்லை என்று விளக்க வேண்டியது என் கடமை.

‘பால்மமாகும் வரை’ என்றார் அறிவியல் ஆசிரியராக இருந்த பெரியவர். பால்மம் என்பது பாடநூல்களில் நிலைபெற்ற, சரியான சொல். எண்ணெய் நுண்துளிகளாக நீரில் பரவி நிற்கும் நிலை அது. ஐயா, தேங்காய்ப்பாலே ஒரு பால்மம் அல்லவா? தேங்காயைத் துருவிப் பிழிந்த கணத்திலேயே பால்மம் ஆகிவிட்டது. சாஸ் தண்ணீராக ஓடும்போதும் பால்மம், கெட்டியான பிறகும் பால்மம். எப்போது கரண்டியை எடுப்பது, எப்போது அடுப்பை அணைப்பது என்று அந்தச் சொல் சமைப்பவருக்குச் சொல்லாது. வேதியியல் வகுப்பில் அது இருக்கட்டும்.

‘குழைவாக வரும் வரை’ என்று இருவர் எழுதினீர்கள். காதுக்கு இனிமையான சொல். ஆனால் சோறு குழைந்துவிட்டது என்றால் என்ன பொருள்? பதம் தப்பிவிட்டது என்று பொருள். நறுக்குப்பதத்தில் எடுத்த பாஸ்தாவைக் குழைய விடு என்று எழுதினால், முந்தின வரியில் சொன்னதைப் பிந்தின வரி கெடுத்துவிடும். எழுத்துப்படியே செய்கிற பிள்ளைகள் கூழாக்கித்தான் இறக்குவார்கள்.

‘திரண்டு வரும் வரை’ என்பதை நான் முதலில் ஏற்றுக்கொண்டேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன். பிறகுதான் வெண்ணெய் திரளும்போது தாழி உடைந்த பழமொழி நினைவுக்கு வந்தது. மோரில் வெண்ணெய் திரள்வது என்றால் கொழுப்பு நீரைவிட்டுப் பிரிந்து ஒன்றுகூடுவது. நமக்கு வேண்டியது அதற்கு நேர்மாறானது. கொழுப்பு பிரியாமல் இருக்க வேண்டும்.

பிரிந்தால் என்ன ஆகும் என்பதைப் போன சனிக்கிழமை கண்ணால் பார்த்தோம். தக்காளி வதங்கியதும் முதல் பாலை அப்படியே விட்டுக் கொதிக்க வைத்தோம். சற்று நேரத்தில் ஓரத்தில் எண்ணெய் மின்னத் தொடங்கியது; நடுவில் வெள்ளை வெள்ளையாகப் பொரிபொரியாக நின்றது. திரிந்துவிட்டது. தேங்காய்ப்பாலில் எண்ணெய்த் துளிகளைச் சுற்றி உறைபோல நிற்பது புரதம். கடும் சூட்டிலும் தக்காளியின் புளிப்பிலும் அந்தப் புரதம் உறைந்து சுருங்கும். காவல் இல்லாத எண்ணெய் வெளியே வந்துவிடும். முதல் பாலைக் கடைசியில் விடு, விட்ட பிறகு தளதளவெனக் கொதிக்க விடாதே என்று நம் வீடுகளில் சொல்வதற்குக் காரணம் இதுதான்.

இரண்டாம் முறை இரண்டாம் பாலில் கோழியையும் குடமிளகாயையும் வேகவைத்தோம். நறுக்குப்பதத்துக்குச் சற்று முன்பே பாஸ்தாவை அள்ளி அதில் போட்டு, வடிகஞ்சியைக் கரண்டி கரண்டியாக விட்டுப் புரட்டினோம். தீயைக் குறைத்துவிட்டு முதல் பாலைச் சேர்த்தோம். மாவுச்சத்து நீரைக் கெட்டிப்படுத்தியதால் எண்ணெய்த் துளிகள் எளிதில் ஒன்றுசேர முடியவில்லை. சாஸ் பளபளவென்று வந்தது.

அப்போது ஒரு மாணவன் மரக்கரண்டியை அதில் தோய்த்து எடுத்து, அதன் முதுகில் விரலால் ஒரு கோடு இழுத்தான். கோட்டின் இரு கரைகளும் ஓடிச் சேராமல் அப்படியே நின்றன. “நாப்பே” என்றான். அவன் அப்பா விடுதிச் சமையலறையில் வேலை பார்ப்பவர். பிரெஞ்சு முறையில் சமைப்பவர்கள் சாஸ் கரண்டியைப் போர்த்தும் நிலையை அப்படிச் சொல்வார்களாம். பிரெஞ்சில் நாப் என்றால் மேசை விரிப்பு. துணி!

எனக்கு உடல் சிலிர்த்துவிட்டது. தமிழில் ஆடை என்றாலும் துணிதான். பாலின் மேல் படிவதும் ஆடைதான். வழுவழுப்பு, கொழுப்பு, மேலே போர்த்தல், மூன்றும் அந்த ஒரு சொல்லில் இருக்கின்றன. துணிக்குக் கஞ்சி போடுவது நமக்குப் பழக்கம். இங்கேயும் கஞ்சிதான் ஆடையை நிறுத்துகிறது.

ஆகவே என் பரிந்துரை ‘ஆடைப்பதம்’. பதம் என்று முடிவது வெறும் அழகுக்காக அல்ல. பாகு காய்ச்சும்போது கம்பிப் பதம் என்கிறோம். தைலம் காய்ச்சுபவர்கள் கடுகுப் பதம், மெழுகுப் பதம், மணல் பதம் என்கிறார்கள். எல்லாமே கண்ணுக்கோ கைக்கோ தெரிகிற ஒன்றைச் சொல்லி, இங்கே நிறுத்து என்று கட்டளை இடுகின்றன. புது வினைச்சொல்லும் தேவையில்லை. ஆடைப்பதம் வரும் வரை என்றால் போதும்.

சொல் அடுப்படியில் பிழைக்க வேண்டும் என்று நான் ஏன் இவ்வளவு வலியுறுத்துகிறேன் என்று ஒருவர் கேட்டிருந்தார். இந்தத் தீவில் அதற்குச் சான்று தெருவெங்கும் கிடக்கிறது. 18ஆம் நூற்றாண்டில் புதுச்சேரிப் பக்கமிருந்து வந்த கைவினைஞர்களும், 1834க்குப் பிறகு ஒப்பந்தக் கூலிகளாக வந்தவர்களும் கொண்டுவந்த தமிழ் பெரும்பாலான வீடுகளில் பேச்சுமொழியாக நிற்கவில்லை. ஆனால் சந்தையில் யாரும், எந்த இனத்தவரும், கறிவேப்பிலையைக் ‘கரிப்புலே’ என்றுதான் கேட்கிறார்கள். கொத்தமல்லி ‘கொத்தொமிலி’, முருங்கைக்கீரை ‘ப்ரேத் மூரும்’. ருகாய் என்ற பெயரே ஊறுகாயிலிருந்து வந்தது என்று சொல்கிறார்கள். வீட்டுப் பேச்சு போன பிறகும் சமையற்கட்டுச் சொற்கள் நின்றிருக்கின்றன. இந்தப் பிள்ளைகளின் கையில் கொடுக்கும் சொல்லும் அந்த வழியில் போக வேண்டும் என்பது என் ஆசை.

குறைகள் இருந்தால் தயங்காமல் எழுதுங்கள்.

அன்புடன்,
ரோஸ் ஹில்லிலிருந்து

———

அன்புத் தங்கைக்கு,

ரங்கூனிலிருந்து எழுதுகிறேன். வடிகஞ்சிக்கும் நறுக்குப்பதத்துக்கும் என் முழுச் சம்மதம். ஆடைப்பதமும் பிடித்திருக்கிறது, ஆனால் ஒரு பயம். நாங்கள் ஓனோ கௌசுவே என்ற பர்மிய நூடுல்ஸ் உணவைச் செய்யும்போது தேங்காய்ப்பாலில் கோழியை வேகவைத்துக் கடலைமாவு கரைத்து விடுவோம். சட்டியை இறக்கி வைத்தால் மேலே மெல்லிசாக ஆடை கட்டும். அதைக் கலக்கிவிட்டுத்தான் பரிமாறுவோம். உன் குறிப்பைப் படிக்கிற பிள்ளை, மேலே ஆடை கட்டட்டும் என்று கையைக் கட்டிக்கொண்டு காத்திருந்தால்? பாஸ்தா அதற்குள் சாஸை எல்லாம் குடித்துவிடுமே.

அக்கா

———

அக்கா, நீங்கள் சொன்னது முற்றிலும் சரி. நான் கரண்டியை மட்டும் பார்த்தேன், சட்டியைப் பார்க்கவில்லை.

இரண்டையும் இப்படிப் பிரிக்கலாமா? ஆறும்போது மேலே படிவதைக் குறிப்புகளில் ‘ஏடு’ என்றே எழுதுவோம்; பாலேடு என்ற வழக்கு இருப்பதால் யாருக்கும் புரியும். ஆடை என்பதைக் கரண்டியோடு கட்டிவிடுவோம். ஒரு குறிப்பில் முதல் முறை வரும்போது ‘கரண்டியில் ஆடை பிடிக்கும் பதம்’ என்று விரித்து எழுதி, அதன் பிறகு ‘ஆடைப்பதம்’ என்று சுருக்குவது. நீங்கள் சொன்ன கடலைமாவும் நம் வடிகஞ்சி செய்கிற வேலையைத்தான் செய்கிறது. அதனால் கௌசுவேக்கும் இந்தச் சொல் பொருந்தும் என்று நம்புகிறேன். அடுத்த முறை செய்யும்போது கரண்டி முதுகில் கோடு இழுத்துப் பார்த்து எழுதுங்கள்.

சொற்பட்டியலுக்கு நான் எழுதியிருக்கும் விளக்கம்:

ஆடைப்பதம்: சாஸ் கரண்டியின் முதுகில் வழியாமல் போர்த்தி நிற்கும் நிலை. விரலால் கோடு இழுத்தால் கோடு மூடக் கூடாது. அதற்குமேல் கெட்டியானால் வடிகஞ்சி விட்டு இளக்கலாம்.

அந்த மாணவியின் தாளைத் திருப்பித் தந்துவிட்டேன். கோடு போட்ட இடத்துக்கு மேலே அவளே எழுதினாள்: “தீயைக் குறைத்து, வடிகஞ்சியைச் சிறிது சிறிதாக விட்டு, கரண்டியில் ஆடை பிடிக்கும் பதம் வரும் வரை புரட்டவும்.”