நான்கு பங்கு நிலத்துக்கு ஒரே கையெழுத்து

நான்காம்பங்கு:
"பொதுச் சொத்தில் மூத்தவர் கையெழுத்திட்டு முன்பணம் வாங்கிவிட்டால் உடன்பிறந்தவர்களும் கட்டுப்பட்டவர்களே" என்று வரப்போரம் என்பவர் நேற்று எழுதியதைப் படித்து இரவு முழுவதும் எனக்கு உறக்கமில்லை. எங்கள் அப்பா சுயமாகச் சம்பாதித்த 2 ஏக்கர் 40 சென்ட் நஞ்சைக்கு அண்ணன் கிரய ஒப்பந்தம் எழுதியபோது, நால்வர் பெயரையும் தட்டச்சு செய்துவிட்டு, மூன்று பெயர்களுக்கு எதிரே ஒப்பமிடும் இடத்தை வெறுமையாக விட்டிருந்தார்கள். அந்த ஒப்பந்தத்தை வைத்து வாங்க வந்தவர் தொடுத்த வழக்குக்காக ஒன்பது ஆண்டுகள் வாய்தாவுக்கு அலைந்தவள் நான். நான் போடாத கையெழுத்து என்னை எப்படிக் கட்டுப்படுத்தும்?

வரப்போரம்:
அம்மா, உங்கள் வேதனை புரிகிறது. ஆனால் முன்பணம் கொடுத்து ஏமாந்தவனின் வேதனையை நீங்கள் ஒரு வரியில்கூடக் குறிப்பிடவில்லை. கிராமத்தில் யாரும் மூத்தவரிடம்தான் விலை பேசுவார்கள். கணவர் தமக்குப் பாதிப் பங்கு மட்டுமே இருந்த சொத்தை முழுவதுமாக விற்க ஒப்புக்கொண்ட வழக்கில், அவருடைய பாதியை வாங்குபவருக்கு எழுதிக்கொடுக்க வேண்டும் என்று 2010-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்ததே, அது செல்லாதா?

நான்காம்பங்கு:
அந்தத் தீர்ப்பில் மனைவியின் பாதியை நீதிமன்றம் தொடவில்லை என்பதை ஏன் விட்டுவிட்டீர்கள்? இரண்டு சகோதரர்கள் மட்டும் கையெழுத்திட்டு, தாயும் மற்ற உடன்பிறந்தவர்களும் கையெழுத்திடாத ஒப்பந்தத்தைச் செயல்படுத்த 2015-இல் அதே நீதிமன்றம் மறுத்ததையும் படியுங்கள். என் இடம் வெறுமையாக இருந்தது. அதற்குப் பதில் சொல்லுங்கள்.

பத்திரப்பேனா:
இருபத்தாறு ஆண்டுகளாகப் பத்திரம் எழுதுபவன் என்ற முறையில் சொல்கிறேன். தமிழ்நாட்டில் 2012 டிசம்பர் முதல் கிரய ஒப்பந்தத்தையும் பதிவு செய்தாக வேண்டும். பதிவாகாத ஒப்பந்தத்தைக் குப்பையில்தான் போட வேண்டும்.

வரப்போரம்:
தவறு. பதிவாகாத ஒப்பந்தத்தையும், அதை நிறைவேற்றித் தரக் கோரும் வழக்கில் சாட்சியமாக ஏற்கலாம் என்று 2023-இல் நம் மாநிலத்து வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. பட்டா விவாதத்திலும் நீங்கள் இப்படித்தான் அடித்துப் பேசினீர்கள்.

பத்திரப்பேனா:
பட்டா மட்டுமே உரிமை மூலம் ஆகாது என்று அன்று நான் சொன்னது சரி. அதை ஏற்க மனமில்லாமல் இங்கே வந்து பழி தீர்க்கிறீர்கள்.

நான்காம்பங்கு:
இருவரும் பட்டாவைப் பற்றிப் பிறகு சண்டையிடுங்கள். பதிவு செய்திருந்தாலும் என் கையெழுத்து அதில் இருந்திருக்காது. தந்தை சுயமாகச் சம்பாதித்த சொத்து, உயில் இல்லாதபோது, 1956-ஆம் ஆண்டின் இந்து வாரிசுரிமைச் சட்டப்படி மகனுக்கும் மகளுக்கும் சமமாக, தனித்தனிப் பங்காக இறங்குகிறது. அண்ணன் குடும்பத் தலைவராக இருந்து என் பங்கை விற்க அங்கே கூட்டுக் குடும்பச் சொத்தே இல்லை. வாரிசுச் சான்றில் நான்கு பெயர்களைப் பார்த்த பிறகும் ஒருவரிடம் மட்டும் பணத்தைக் கொடுத்தவர், எங்கள் மூவரையும் ஒருமுறைகூட நேரில் வந்து கேட்காதவர், நீதிமன்றத்தில் தம்மை அப்பாவி என்று சொன்னபோது நான் கூண்டுக்கு அருகில் நின்று அழுதேன்.

வரப்போரம்:
நானும் வேறொரு குடும்பத்தின் நிலத்துக்கு வாரிசுச் சான்றைப் பார்த்துத்தான் முன்பணம் கொடுத்தேன். "தங்கை நான் சொன்னால் போடுவாள்" என்று அந்த அண்ணன் என் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னார். மீதித் தொகையை வங்கியில் வைத்துக்கொண்டு, மூன்று ஆண்டு வரம்புக்குள் வழக்குப் போட்டிருக்கிறேன்.

நான்காம்பங்கு:
மூன்று ஆண்டு என்பது வழக்குத் தொடுக்கும் வரம்புதான். மதுரை வீடு ஒன்றுக்கு 60,000 ரூபாய் விலை பேசி, 5,000 முன்பணம் கொடுத்து, ஆறு மாதத் தவணை கடந்தும் இரண்டரை ஆண்டுகள் சும்மா இருந்தவருக்கு, வரம்புக்குள் வந்திருந்தும் 1997-இல் உச்ச நீதிமன்றம் அந்த வீட்டைத் தரவில்லை. சரி, உங்கள் ஒப்பந்தத்தில் அந்தத் தங்கையின் பெயருக்கு எதிரே என்ன இருக்கிறது?

வரப்போரம்:
அண்ணனுடைய பங்காவது எனக்கு வேண்டும்.

நான்காம்பங்கு:
நான் கேட்டது அதுவல்ல.