பலா மரப்பட்டையில் கறுப்புக் கோடுகள்: சுரண்டலாமா?

தேயிலைமேடு, வால்பாறை:
எங்கள் குடியிருப்புக்குப் பின்னால் ஒரு பலா நிற்கிறது. மூன்று மழைக்காலமாக அதன் அடிமரத்தில் சாம்பல் வெள்ளையாகத் திட்டுத் திட்டாக ஏதோ படர்கிறது. அதற்குள் கறுப்புக் கோடுகள், ஒரு அரிசி நீளம்கூட இல்லை. சில வளைந்தும் சில கவை பிரிந்தும், யாரோ ஊசியால் கீறி மை தடவியதுபோல் இருக்கின்றன. இந்த வருடம் பிஞ்சுகள் கறுத்து உதிர்கின்றன. பூஞ்சை மரத்தை உறிஞ்சுகிறது என்று பக்கத்து வீட்டு அண்ணன் இடுப்பளவுக்குச் சுண்ணாம்பு அடித்துவிட்டார். மீதியைச் சுரண்டிவிட்டுப் போர்டோக் கலவை என்ற பூஞ்சைக்கொல்லி மருந்தைத் தெளிக்கலாமா?

பாசி வாத்தியார்:
தம்பி, முதலில் கத்தியை உள்ளே வையுங்கள். 1987-ல் மாணவர்களை ஆனைமலைக்கு அழைத்துப் போனபோது நானும் இதைப் பேனாக்கத்தியால் பெயர்க்கப் பார்த்தேன். பட்டைதான் கையோடு வந்தது. அவ்வளவு ஒட்டி வளரும்.

உங்கள் படத்தில் இருப்பது கிராஃபிஸ் என்ற லைக்கன். பூஞ்சையும் பாசியும் சேர்ந்து நடத்தும் குடித்தனம். அந்தக் கறுப்புக் கோடுகள் பூஞ்சையின் கனியுடல்கள். விதைத்துகள்கள் அதற்குள்தான் உருவாகின்றன. பாசியைப் பார்க்க வேண்டுமானால் வெள்ளைத் திட்டில் நகத்தால் லேசாகக் கீறுங்கள், மஞ்சளும் பச்சையும் கலந்து தெரியும். அது டிரென்டிபோலியா. உங்கள் ஊரில் ஈரச் சுவர்களில் செங்காவி நிறத்தில் படிகிறதே, அதன் உறவுதான். பச்சைப் பாசி இனம்தான், ஆனால் கேரட்டில் உள்ள நிறமியைச் சுமப்பதால் காவியாகத் தெரிகிறது.

சாப்பாட்டைப் பாசி வெயிலில் சமைத்துவிடுகிறது. தண்ணீர் மழையிலும் பனியிலும் கிடைக்கிறது. மரத்திடம் வாங்குவது இடம் மட்டும், அதுவும் செத்துப்போன மேற்பட்டையில். வாடும் மரத்தில் லைக்கன் அதிகம் தெரிவதால்தான் பழி அதன்மேல் விழுகிறது. இலை உதிர்ந்தால் அடிமரத்துக்கு வெளிச்சம் கூடுகிறது, லைக்கன் பரவுகிறது. காரணத்தையும் விளைவையும் மாற்றிப் பிடித்துக்கொள்கிறோம்.

உதிர்ந்த பிஞ்சின் காம்பைப் பாருங்கள். மெல்லியதாக இருந்தால் அது ஆண் பூக்கதிர். மகரந்தம் கொட்டியதும் கறுத்து விழுவதுதான் அதன் வேலை. காம்பு தடித்த பிஞ்சே அழுகினால் அப்போது பேசுவோம்.

அடுப்படி அம்மாள்:
வாத்தியார் ஐயா, பிரியாணியில் போடும் கல்பாசியும் இதுவும் ஒன்றா? எங்கள் வீட்டு மாமரத்திலும் இருக்கிறது.

பாசி வாத்தியார்:
இல்லை அம்மா. கல்பாசி இலைபோல மடிப்பு மடிப்பாக எழும்பி நிற்கும், விளிம்பைப் பிடித்து உரிக்கலாம். இது பட்டையோடு பட்டையாகக் கிடக்கும் மேலோடு. சட்டியில் போட்டால் மரத்தூள்தான் வேகும்.

தம்பி, என்ன இனம் என்று தனிச்செய்தியில் கேட்டிருந்தீர்கள். கிராஃபிஸ் என்பது வரை சொல்வேன். அதற்கு மேல் படத்தைப் பார்த்துப் பெயர் சொல்கிறவரை நம்பாதீர்கள். கோட்டைக் குறுக்கே சீவி நுண்ணோக்கியில் வைத்து, விதைத்துகளின் அறைகளை எண்ண வேண்டும். அயோடின் துளி பட்டால் துகள் ஊதாவாக மாறுவது அழகு.

தேயிலைமேடு, வால்பாறை:
ஐயா, காம்பு மெல்லியதுதான். விழுந்தவற்றில் ஒன்றுகூடத் தடித்ததில்லை. நகத்தால் கீறினேன், நீங்கள் சொன்ன நிறமே. சுண்ணாம்பு அடித்த பகுதியைக் கழுவிவிடவா?

பாசி வாத்தியார்:
வேண்டாம். உங்கள் ஊர் மழை கழுவிக்கொள்ளும். அண்ணனிடம் மிச்சச் சுண்ணாம்பை வெற்றிலைக்கு வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள்.