கும்பகோணம், தஞ்சாவூர் சாப்பாட்டு நடை: பணம் கட்டும் முன் என்னென்ன கேட்க வேண்டும்?

ஓசூர்வாசி:

வணக்கம். தை பிற்பாதியில் நானும் மனைவியும் அம்மாவும் இரண்டு நாள் தஞ்சாவூர், கும்பகோணம் வருகிறோம். கோயில்களுக்கான ஏற்பாடு முடிந்துவிட்டது. வழிகாட்டி ஒருவர் கடை கடையாக அழைத்துப்போய்ச் சாப்பிட வைத்து, ஊரைப் பற்றியும் சொல்லும் நடை ஒன்றில் சேரலாம் என்று யோசனை. கும்பகோணத்தில் இரண்டு பேரிடம் விசாரித்தேன். ஒருவர் காலை 10 முதல் 2 வரை, 12 கடை என்கிறார். இன்னொருவர் 6.30க்குத் தொடங்கி 9.30க்குள் முடித்துவிடுவாராம், 5 கடைதான். கட்டணத்தில் பெரிய வித்தியாசம் இல்லை. எதை எடுப்பது? பணம் கட்டும் முன் என்னென்ன கேட்டுக்கொள்ள வேண்டும்? அம்மாவுக்கு 66 வயது, சர்க்கரை உண்டு, சுத்த சைவம். மனைவி எல்லாம் சாப்பிடுவார்.

அரசலாறு:

5 கடைக்காரரையே பிடித்துக்கொள்ளுங்கள்.

டெல்டா ஊர்களில் நாள் முழுக்கத் தெருவில் சுடச்சுட எதுவும் கிடைக்காது. காலை டிபன் கடை, மாலைப் பலகாரக் கடை, இரவு புரோட்டா கடை என்று மூன்று முறை. ஆட்களும் வேறு, அடுப்பும் வேறு. காலை டிபன் 10 மணியோடு ஓய்ந்துவிடும். எண்ணெய்ச் சட்டி மறுபடி ஏறுவது 3.30, 4 மணிக்கு. நடுவில் இருப்பது இலைச் சாப்பாடு மட்டும். அந்த நேரத்தில் 12 கடை காட்டுகிறேன் என்பவர் ஆறின வடையும், இனிப்புக் கடையில் ருசி பார்க்கத் தரும் துண்டும், பன்னீர் சோடாவும் வைத்துத்தான் கணக்கை நிரப்ப முடியும். போதாக்குறைக்குக் கோயில் நடையும் நண்பகல் 12.30 வாக்கில் சாத்தி மாலை 4 மணிக்குத்தான் திறக்கும். ஊர்க் கதையை வெயிலில் மதிலைப் பார்த்தபடி கேட்க வேண்டியதுதான்.

வயிற்றுக் கணக்கும் உண்டு. நல்ல நடை என்றால் 2 கிலோமீட்டருக்குள், இரண்டரை முதல் மூன்று மணி நேரம், 5 அல்லது 6 கடை. இரண்டு இட்லி, ஒரு வடை, அரை தோசை, கொஞ்சம் பொங்கல், ஒரு காபி, ஒரு துண்டு இனிப்பு. இதிலேயே பெரியவர்களுக்கு வயிறு நிரம்பிவிடும். ஏழாவது கடையில் வாய் எதையும் பிரித்துச் சொல்லாது.

வழிகாட்டியிடம் முதலில் கேட்க வேண்டியது: "நாம் போகும்போது அந்தக் கடையில் எத்தனையாவது ஈடு இட்லி இறங்கும்?" இதற்குத் தடுமாறாமல் பதில் சொல்கிறவர்தான் கடைக்காரரோடு பழக்கம் உள்ளவர். மார்கழி, தையில் பனிக் குளிரால் மாவு புளிப்பது தாமதமாகும். முந்தின நாள் ஆட்டும் நேரத்தை முன்னுக்குத் தள்ளாத கடையில் காலை முதல் ஈடு தட்டையாக, ஈரம் விட்டு வரும். அப்படிப்பட்ட கடைக்கு 7.30க்கு மேல் கூட்டிப்போகத் தெரிந்தவர் தேவை. தையில் சம்பா அறுவடை என்பதால் புது அரிசி கைக்கு வரும். பொங்கலுக்கு அது அருமை, இட்லிக்கு ஆகாது. குழைந்து பிசுபிசுக்கும். இட்லிக்குப் பழைய அரிசியே போடும் கடைதான் நம்பகமானது.

அடுத்து, சாப்பாட்டுக் காசு கட்டணத்தில் அடக்கமா, கடையில் தனியாகக் கொடுக்க வேண்டுமா? அடக்கம் என்றால் ஆளுக்கு ஒரு தட்டா, இரண்டு பேருக்கு ஒன்றா? குழுவில் எத்தனை பேர்? 8 பேருக்கு மேல் போனால் சின்ன டிபன் கடையில் ஒரே மேசை கிடைக்காது. கடைசி ஆளுக்குத் தோசை வருவதற்குள் முதல் ஆள் கை கழுவியிருப்பார். மழை வந்தால், நீங்கள் வர முடியாமல் போனால், பணம் திரும்புமா என்பதை எழுத்தில், வாட்ஸ்அப் செய்தியாகவாவது, வாங்கிவிடுங்கள்.

கோயில் விளக்கமும் அவரே சொல்வாரா என்று தனியாகக் கேளுங்கள். தஞ்சைப் பெரிய கோயிலும் தாராசுரமும் தொல்லியல் துறையின் கையில் உள்ளவை. உள்ளே விளக்கம் சொல்ல உரிமம் பெற்ற வழிகாட்டி வேண்டும். சாப்பாட்டு நடைக்கு வருபவரிடம் அது இருக்கும் என்று எடுத்துக்கொள்ள முடியாது.

கும்பகோணத்தில் வழி சுலபம். கும்பேஸ்வரன் கோயில், பொற்றாமரைக் குளம், சாரங்கபாணி கோயில் அடுத்தடுத்து இருக்கின்றன. அந்தச் சுற்று வட்டத்தில் இட்லி, காபி, பாத்திரக்கடை, வெற்றிலைக் கடை எல்லாம் நடக்கிற தூரம். வெற்றிலையைக் கடைசியில் வையுங்கள். கும்பகோணம் வெற்றிலைக்கு 2025ல் புவிசார் குறியீடு கிடைத்தது. கொழுந்து வெற்றிலையாகக் கேட்டு வாங்கி, சீவலைக் கொஞ்சமாகப் போடுங்கள். பழக்கமில்லாதவருக்குச் சீவல் நெஞ்சை அடைத்துத் தலையைச் சுற்றும்.

குடமுருட்டி:

மேலே சொன்னதோடு ஒத்துப்போகிறேன். காபியையும், இட்லிக்கு ஊற்றிக்கொள்ளும் பாசிப்பருப்பு-உருளைக்கிழங்குக் குழம்பான கடப்பாவையும் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், பெரும்பாலான நடைகள் கோட்டை விடுவது அங்கேதான்.

நெடுஞ்சாலை முழுக்கக் கும்பகோணம் பெயரில் பித்தளை டவராவோடு காபிக் கடைகள் இருக்கின்றன. டவரா பித்தளையா என்பதை வைத்து எதுவும் தெரியாது. பார்க்க வேண்டியது இரண்டு: டிகாக்‌ஷன் எப்போது இறங்கியது, பால் எத்தனை தடவை காய்ந்தது. 50 கிராம் பொடிக்கு 250 மில்லி கொதிநீர் ஊற்றினால் 150 மில்லி வாக்கில் முதல் டிகாக்‌ஷன் இறங்கும், மீதியைப் பொடி பிடித்துக்கொள்ளும். பொடியை அழுத்தித் திணித்தால் சொட்டாது. தளர்வாக விட்டால் தண்ணீர் கடகடவென்று இறங்கி, நிறம் இருக்கும், சாரம் இருக்காது. அதே பொடியில் இரண்டாம் முறை ஊற்றி எடுப்பது வெறும் கசப்பு. ஒரு டம்ளருக்கு 30 மில்லி டிகாக்‌ஷன், 100 மில்லி தண்ணீர் கலக்காத பசும்பால், இதுதான் அளவு. பால் திரும்பத் திரும்பக் கொதித்தால் ஆடை படிந்து, காய்ச்சின வாடை டிகாக்‌ஷன் மணத்தை அமுக்கிவிடும். கூட்டம் உள்ள கடையில் காபி நன்றாக இருப்பதற்குக் காரணமே பால் சட்டி அடிக்கடி காலியாகி, புதுப்பால் ஏறுவதுதான்.

சிக்கரி கலந்தாலே தப்பு என்று ஒரு வழிகாட்டி சொன்னால் தலையாட்ட வேண்டாம். கொஞ்சம் சிக்கரி டிகாக்‌ஷனுக்குக் கனம் தரும். உணவுப் பாதுகாப்பு விதிப்படி காபி-சிக்கரி கலவையில் காபி 51 சதவீதத்துக்குக் குறையக் கூடாது. வீட்டுக்குப் பொடி வாங்கினால் 80க்கு 20 கேளுங்கள், உங்கள் கண்ணெதிரே அரைத்துத் தருகிற கடையில்.

வரிசையும் முக்கியம். இனிப்பைத் தின்றுவிட்டுக் காபி குடித்தால் எவ்வளவு நல்ல காபியும் வெறும் கசப்பாகத்தான் தெரியும். ஆகவே டிபன், காபி, அதன் பிறகு இனிப்பு. நடையின் திட்டத்தில் அல்வா முதலில் இருந்தால் மாற்றச் சொல்லுங்கள்.

கடப்பா எல்லாக் கடையிலும் எல்லா நாளும் இருக்காது. சில கடைகளில் வாரத்தில் ஒரு நாள்தான். அதற்காகவே வருகிறீர்கள் என்றால் எந்த நாள் என்று உறுதி செய்துகொண்டு நடையைப் பதியுங்கள். நான்கு பேர் அளவு: பாசிப்பருப்பு 100 கிராம், உருளைக்கிழங்கு இரண்டு, அரைக்க அரை மூடித் தேங்காய், பச்சை மிளகாய் 5, சோம்பும் கசகசாவும் ஒவ்வொரு தேக்கரண்டி, பொட்டுக்கடலை ஒரு மேசைக்கரண்டி. தாளிக்கப் பட்டை, கிராம்பு, பிரிஞ்சி இலை, வெங்காயம். பருப்பு குழைய வேண்டும், கிழங்கு துண்டாகக் கையில் அகப்பட வேண்டும். எலுமிச்சைச் சாறு அடுப்பை அணைத்த பிறகுதான், கொதியில் பிழிந்தால் கசந்துவிடும். பருப்பும் பொட்டுக்கடலையும் தண்ணீரை இழுப்பதால் அரை மணியில் கெட்டியாகும். அவசரக் கடையில் வெந்நீர் விட்டு நீர்க்க வைப்பார்கள், உப்பும் காரமும் செத்துப்போகும். இட்லி மேல் ஊற்றினால் மெல்லப் பரவ வேண்டும். ஓரத்தில் தண்ணீர் தனியாகப் பிரிந்து ஓடினால் அது நீர்க்க வைத்தது.

வடவாறு:

தஞ்சாவூரை விட்டுவிட வேண்டாம். அதற்கு மாலை நேரம்.

முதல் நாள் பெரிய கோயிலை முடித்து, 4.30க்குக் கீழராஜ வீதி, அய்யன்கடைத் தெருப் பக்கம் நடை வைத்துக்கொள்ளுங்கள். வாழைப்பூ வடை, பஜ்ஜி, போளி, சந்திரகலா. சந்திரகலா என்பது மைதா மேலுறைக்குள் கோவா வைத்து, ஓரம் மடித்து, சிறு தீயில் பொரித்துப் பாகில் போடுவது. தீ கூடினால் மேலே சிவந்து உள்ளே மாவாக நிற்கும். பாகு ஒரு கம்பிப் பதம் தாண்டினால் ஆறியதும் சர்க்கரை பூத்துவிடும். வாங்கும்போது மேலே வெள்ளை வெள்ளையாகப் படிந்திருந்தால் அது பாகு முறுகி ஆறிப்போனது.

அசோகா என்ற இனிப்பு திருவையாற்றுக்குப் போய்ச் சாப்பிட வேண்டியது, தஞ்சாவூரிலிருந்து 13 கிலோமீட்டர். வேகவைத்து மசித்த பாசிப்பருப்பு, நெய்யில் வறுத்த கோதுமை மாவு, சர்க்கரை, நெய். இலைத் துண்டில் சூடாகத் தருவார்கள். சூட்டிலேயே சாப்பிட்டுவிட வேண்டும். ஆறியும் வாயில் கரையாமல் மேலண்ணத்தில் மெழுகு போல ஒட்டினால் வனஸ்பதி சேர்ந்திருக்கிறது. பருப்பின் ஈரம் இருப்பதால் கோதுமைப்பால் அல்வா மாதிரி நாள் தாங்காது, கட்டிக்கொண்டு போனால் மறுநாளுக்குள் முடித்துவிடுங்கள். புஷ்ய பகுள பஞ்சமியில் தியாகராஜர் ஆராதனை. அது தையில் விழுகிற வருடம் ஊருக்குள் வண்டி நகராது. தேதி பார்த்துக்கொள்ளுங்கள்.

ஒரு எச்சரிக்கை. மராட்டிய மன்னர் அரண்மனை உணவு என்று பெயர் வைத்துத் தெரு நடை விற்கிறார்கள். 1676 முதல் 1855 வரை அவர்கள் வம்சம் இங்கே இருந்தது உண்மை. டாங்கர் பச்சடி, கோசுமல்லி, போளி எல்லாம் டெல்டா சமையலில் ஊறியவை என்பதும் உண்மை. ஆனால் அவை வீட்டிலும் கல்யாணப் பந்தியிலும் இருக்கின்றன. தெருவில் கிடைப்பது போளி மட்டும்தான். சிவாஜியின் மகன் சம்பாஜிக்காகச் சாம்பார் இங்கே பிறந்தது என்ற கதையையும் தவறாமல் சொல்வார்கள். செவிவழிக் கதையாகக் கேட்டுக்கொள்ளுங்கள், வரலாறாகச் சொன்னால் அந்த வழிகாட்டி சொல்லும் மற்றதையும் சரிபாருங்கள்.

ஓசூர்வாசி:

மிக்க நன்றி. முதல் நாள் மாலை தஞ்சாவூர், இரவு கும்பகோணத்தில் தங்கி மறுநாள் காலை 6.30 நடை என்று மாற்றிவிட்டேன். அம்மாவின் சர்க்கரைக்கு என்ன செய்வது? மாத்திரை சாப்பாட்டுக்கு முன் போடுவது. அப்புறம், கடையின் சுத்தத்தை எப்படிப் பார்ப்பது?

வெண்ணாறு:

அம்மாவுக்கு ஆபத்து இனிப்பில் மட்டும் இல்லை, தாமதத்திலும் இருக்கிறது. அறையிலேயே மாத்திரையைப் போட்டுவிட்டு வந்து, வழிகாட்டி குளக்கரையில் அரை மணி பேசினால் சர்க்கரை அளவுக்கு மீறி இறங்கலாம். எந்த நேரத்தில் போடலாம் என்று உங்கள் மருத்துவரிடம் முன்கூட்டியே கேளுங்கள். வழிகாட்டியிடம் "முதலில் சாப்பாடு, பிறகு கதை" என்று சொல்லிவிடுங்கள். கையில் குளுக்கோஸ் அல்லது நாலு மிட்டாய் இருக்கட்டும். முதல் கடையில் இரண்டு இட்லி, ஒரு உளுந்து வடை. பொங்கல் உங்கள் தட்டிலிருந்து இரண்டு வாய் போதும். காபியில் சர்க்கரை வேண்டாம் என்பதைப் பால் ஊற்றும் முன் சொல்ல வேண்டும், பல கடைகளில் டம்ளரில் சர்க்கரை முதலிலேயே விழுந்துவிடும். அசோகாவை மூன்று பேரும் ஒன்றைப் பகிருங்கள்.

சுத்தத்துக்கு: உணவுப் பாதுகாப்புத் துறையின் 14 இலக்க எண் சுவரில் இருக்கிறதா என்று பாருங்கள். அது ஒரு அடையாளம் மட்டும், அதோடு நிற்க வேண்டாம். எண்ணெய்ச் சட்டியைப் பாருங்கள். பலகாரம் போடாதபோதும் நுரை அடங்காமல், புகை கிளம்பி, நிறம் கருத்திருந்தால் பழைய எண்ணெயில் புதுசை ஊற்றி ஓட்டுகிறார்கள் என்று பொருள். திரும்பத் திரும்பக் காய்வதால் எண்ணெயில் உண்டாகும் துருவச் சேர்மங்கள் (polar compounds) 25 சதவீதத்தைத் தாண்டினால் பயன்படுத்தக் கூடாது என்பது விதி. கண்ணால் அதை அளக்க முடியாது, ஆனால் அந்த நுரையும் காறல் வாடையும் போதும், திரும்பிவிடலாம்.

தேங்காய்ச் சட்னிதான் முதலில் கெடும். காலை 9 மணிக்கு மேல் மோந்து பாருங்கள், லேசாகப் புளித்த வாடை வந்தாலும் சாம்பாரோடு நிறுத்திக்கொள்ளுங்கள். தட்டில் பிளாஸ்டிக் தாள் விரித்தால் இலை கேளுங்கள். 2019 ஜனவரி 1 முதல் அது தமிழ்நாட்டில் தடை, அதிலும் சுடு சாம்பார் விழுகிற இடம். வாழை இலைக்குப் பஞ்சமில்லாத ஊர் இது, கேட்டால் தருவார்கள். தண்ணீர் உங்கள் பாட்டிலிலிருந்தே.

திருமலைராஜன்:

உங்கள் மனைவிக்காக ஒன்று. அடுத்த முறை ஒரு நாள் கூடுதலாக இருந்தால் நாகூர் பக்கம் போங்கள். அரிசி மாவில் வெங்காயம் பிசைந்து, இறால் பதித்து, நடுவில் ஓட்டை போட்டுப் பொரிக்கும் வாடா மாலையில்தான் கிடைக்கும். இறால் மேல் நரம்பு எடுக்காத கடையில் மண் கடிபடும், ஒன்றைப் பிட்டுப் பார்த்துவிட்டு மற்றதை வாங்குங்கள். தர்காவின் கந்தூரி விழா நாட்களில் ஊர் நிரம்பி வழியும், சாப்பாட்டுக்காக மட்டும் போகிறவர்கள் அப்போது தவிர்க்கலாம். ரவை, நெய், பால்கோவா சேர்த்துச் செய்யும் தம்ரூட்டில் முட்டை உண்டு, பார்த்தால் தெரியாது. அம்மாவுக்கு வாங்கும் இனிப்போடு ஒரே டப்பாவில் கட்ட வேண்டாம் என்று கடையிலேயே சொல்லிவிடுங்கள்.