மாடிவீட்டுக் குழு: பிளேடும் பர்கரும்

ஹரி: பிளேடு அனிமே (ஜப்பானியக் கார்ட்டூன் தொடர்) 12 எபிசோடும் ஒரே ராத்திரியில் முடித்துவிட்டேன். கண் எரிகிறது.

சித்தப்பா: கறுப்புக் கோட்டு, கறுப்புக் கண்ணாடி, முதுகில் கத்தி, அவன்தானே? 1998இல் வந்த படம். ஹாஸ்டலில் சிடி போட்டுப் பார்த்தோம், பாதியில் கரண்ட் போய்விட்டது.

ஹரி: அவரேதான் சித்தப்பா. இது 2011இல் ஜப்பானில் மேட்ஹவுஸ் ஸ்டுடியோ எடுத்தது. அமெரிக்க காமிக்ஸ் கம்பெனி மார்வெலோடு சேர்ந்து அயர்ன் மேன், வுல்வரின், எக்ஸ்-மென், கடைசியாக பிளேடு என்று நாலு தொடர். கதை காமிக்ஸ் எழுத்தாளர் வாரன் எல்லிஸ் கொடுத்தது.

அத்தை: என்னடா இது, ரத்தக்காட்டேரியா? சாப்பிடுகிற நேரத்தில்தான் இதெல்லாம் போடுவாயா?

ஹரி: காட்டேரி இல்லை அத்தை, காட்டேரியை வேட்டையாடுகிறவன். பிரசவத்தின்போது அம்மாவை டீக்கன் ஃப்ராஸ்ட் என்ற காட்டேரி கடித்துவிடுகிறான், அதனால் பிள்ளை பாதி மனிதன் பாதி அது. அந்த ஃப்ராஸ்டைத் தேடி பிளேடு ஜப்பானில் தொடங்கித் தென்கிழக்கு ஆசியா முழுக்க அலைகிறான், நடுவில் ஒரு எபிசோடில் வுல்வரின் வேறு வந்து சண்டை போட்டுவிட்டுப் போகிறார்.

பூரணி அக்கா: எனக்கு அது சுமார்தான்டா. இதே மேட்ஹவுஸ் 2000இல் வேம்பயர் ஹண்டர் டி: பிளட்லஸ்ட் எடுத்தது, அதிலும் பாதி மனித வேட்டைக்காரன்தான், ஒவ்வொரு ஃபிரேமையும் பிரிண்ட் போட்டு மாட்டலாம். அதைப் பார்த்தவர்களுக்கு பிளேடு பழைய சோறு மாதிரி இருக்கும்.

ஹரி: அக்கா, அது சினிமா, இது வாராவாரம் டிவியில் வந்தது. இரண்டையும் ஒரே தராசில் வைக்காதீர்கள். வாள் சண்டை நன்றாகத்தானே இருந்தது?

பூரணி அக்கா: வாள் சரி. ஆனால் 1973இல் டூம் ஆஃப் டிராகுலா காமிக்ஸில் அவன் முதலில் வந்தபோது கையில் இருந்தது மரக்கத்தி. பாதிக் காட்டேரியும் கிடையாது, கடித்தாலும் ஒன்றும் ஆகாத மனிதன், அவ்வளவுதான். வாளும் பாதிக் காட்டேரித்தனமும் பிறகு ஒட்டவைத்தது. உன் அனிமே எடுத்தது சினிமா பிளேடை, காமிக்ஸ் பிளேடை இல்லை.

சித்தப்பா: இவளிடம் வாய் கொடுத்து மீள முடியாது ஹரி 😄

பூரணி அக்கா: இன்னும் கேளுங்கள் சித்தப்பா. அதே காமிக்ஸை 1980இலேயே ஜப்பானின் டோயி ஸ்டுடியோ டிவி அனிமே படமாக எடுத்தார்கள். காட்டேரி வேட்டைக்காரி ரேச்சல் வான் ஹெல்சிங் குறுக்குவில்லோடு வருவாள், அவள் கூட்டாளி ஃபிராங்க் டிரேக் வருவான், பிளேடு மட்டும் இல்லை! சொந்த அனிமே தொடர் கிடைக்க இன்னும் 31 வருஷம் ஆனது.

ஹரி: டிராகுலா பர்கர் தின்னும் படமா அது?

பூரணி அக்கா: அதேதான். சக்தியெல்லாம் போய் வெறும் மனிதனாகிவிடுவான், வயிறு பசிக்கும், உட்கார்ந்து பர்கர் தின்பான்.

அத்தை: ஐயோ பாவம்.

ஹரி: அத்தை, அவன்தான் வில்லன்.

அத்தை: யாராக இருந்தால் என்னடா, பசி பசிதானே. பூரணி, அந்தப் பர்கர் படத்தின் லிங்க் இருந்தால் அனுப்பு. ரத்தம் நிறைய வருமா?

பூரணி அக்கா: கொஞ்சம் வரும் அத்தை.

அத்தை: சரி, சாப்பிட்டு முடித்துப் பார்க்கிறேன்.