கில்லி மீன் முட்டை பொரிந்தும் குஞ்சுகள் நீந்தவில்லை, உதவுங்கள்

வணக்கம் நண்பர்களே, பெரம்பூரில் இருக்கிறேன். போன வருடம் கொளத்தூரில் நோத்தோபிராங்கியஸ் குந்தெரி என்ற கில்லி மீன் ஒரு ஜோடி வாங்கினேன். சான்சிபார் தீவில் மழைக்குத் தேங்கும் குட்டைகளில் வாழ்கிற மீன். குட்டை வற்றினால் பெரியவை எல்லாம் செத்துப்போகும், முட்டை மட்டும் சேற்றுக்குள் உறங்கி அடுத்த மழைக்குப் பொரியும். ஆணின் சிவப்பு வாலைப் பார்த்தே மயங்கிவிட்டேன். ஆயுள் ஏறக்குறைய ஒரு வருடம்தான் என்பது அப்புறம்தான் உறைத்தது.

இரண்டும் போய்ச் சேர்ந்துவிட்டன. முட்டையோடு இருந்த கோகோபீட்டை (தேங்காய் நார்த்தூள்) பிழிந்து, பீடித்தூள் பதத்தில் ஜிப் கவரில் போட்டு 3 மாதம் பீரோ மேல் வைத்திருந்தேன். ஞாயிறு காலை தண்ணீர் ஊற்றினேன். மாலைக்குள் இருபதுக்கு மேல் பொரிந்துவிட்டன! ஆனால் ஆறுதான் நீந்துகின்றன. மற்றவை தரையில் வயிற்றைத் தேய்த்துக்கொண்டு தத்துகின்றன, பாவம். மிதக்க உதவும் காற்றுப்பை நிரம்பவில்லை என்று தெரிகிறது. முட்டைக்குள் குஞ்சின் கண் தெரிகிறதா என்று பார்க்காமல் நான்தான் அவசரப்பட்டுவிட்டேனோ? இல்லை, அரை அடி உயரத்துக்குத் தண்ணீர் ஊற்றியது தப்பா? சின்டெக்ஸ் தண்ணீர் வேறு வெதுவெதுப்பாக இருந்தது.

பொரியாத முட்டைகள் இன்னும் இருக்கின்றன. திரும்பக் காயவைத்தால் எத்தனை வாரம் கழித்து நனைப்பது? நம்ம ஊர் வெயிலுக்கு உங்கள் கணக்கு என்ன?

நீந்துகிற ஆறுக்கும் ஆர்ட்டீமியா (குட்டி உப்புநீர் இறால்) முட்டை பொரித்துப் போடுகிறேன். மூலக்கடை, வியாசர்பாடி பக்கம் யாரிடமாவது மைக்ரோவார்ம் (குஞ்சுகளுக்குத் தீனியாகும் நுண்புழு) இருந்தால் சொல்லுங்கள், டப்பாவோடு வந்து வாங்கிக்கொள்கிறேன்.